தேவைக்கு ஓர் அளவு உண்டு: வாயில்லா ஜீவன்கள் விஷயத்தில் அல்லாஹ்வை அஞ்சுவோம்

ஜும்ஆ குத்பா உரையின் எழுத்து வடிவம்

எல்லாப் புகழும் வானங்களையும் பூமியையும் அவற்றுக்கு இடையே உள்ள அனைத்தையும் படைத்துப் பரிபாலிக்கும் அல்லாஹ் ஒருவனுக்கே உரியது. அவனையே புகழ்கிறோம். அவனிடமே உதவி தேடுகிறோம். அகிலத்தாருக்கெல்லாம் அருட்கொடையாக அனுப்பப்பட்ட நமது உயிரினும் மேலான முஹம்மது நபி (ஸல்) அவர்கள் மீதும், அவர்களது குடும்பத்தார், தோழர்கள் அனைவர் மீதும் அல்லாஹ்வின் ஸலவாத்தும் ஸலாமும் உண்டாவதாக.

கண்ணியத்திற்குரிய அல்லாஹ்வின் நல்லடியார்களே! முதலில் எனக்கும் பிறகு உங்களுக்கும் தக்வாவைக் கொண்டு உபதேசம் செய்கிறேன். தனிமையிலும் சபையிலும், வீட்டிலும் வேலைத்தலத்திலும் அல்லாஹ்வை அஞ்சிக்கொள்ளுங்கள்.

அன்பானவர்களே! ராயபுரத்திலிருந்து எண்ணூர் வரை நாம் வாழும் இந்தக் கடலோரத்தில் பாதிப் பேருடைய ரிஸ்க் துறைமுகத்தை நம்பி இருக்கிறது. லாரி ஓட்டுபவர், கிளியரிங் ஏஜென்சியில் வேலை பார்ப்பவர், யார்டில் சரக்கை எண்ணிக் குறிப்பவர், லோடு இறக்குபவர் என்று இந்த ஸஃப்புகளிலேயே எத்தனையோ பேர் இருக்கிறீர்கள். எங்கிருந்தோ வருகிறது, எங்கேயோ போகிறது. பேப்பரில் என்ன எழுதியிருக்கிறதோ அதுதான் சரக்கு. சீல் உடையாமல் கொண்டுபோய்ச் சேர்த்தால் நம் வேலை முடிந்தது என்று நினைக்கிறோம்.

அந்தச் சரக்குக்கு உயிர் இருந்தால்? அதற்குப் பசிக்கும், மூச்சு முட்டும், தாயைத் தேடும் என்றால்? அப்போதும் பேப்பரோடு நம் பொறுப்பு முடிந்துவிடுமா? இன்று இதைப் பற்றித்தான் பேசப் போகிறோம். மருந்து ஆராய்ச்சிக்காகக் குரங்குகளைப் பிடித்து நாடு விட்டு நாடு விற்கும் வியாபாரம் ஒன்று பல பத்தாண்டுகளாக நடந்து வருகிறது. ஒரு காலத்தில் அந்த வியாபாரத்தின் மிகப் பெரிய சந்தையாக நமது இந்தியா இருந்தது. ஜும்ஆ மேடையில் குரங்கைப் பற்றி என்ன பேச்சு என்று யாராவது நினைத்தால், கொஞ்சம் பொறுமையாகக் கேளுங்கள். இந்த விஷயம் உங்கள் பிள்ளையின் நாக்கில் விழுந்த இரண்டு சொட்டிலிருந்தே ஆரம்பிக்கிறது.

இரண்டு சொட்டுக்குப் பின்னால்

நம் தெருக்களில் ஐம்பது, அறுபது வயதைத் தாண்டியவர்களில் ஒரு கால் சூம்பி, கையை முழங்காலில் ஊன்றி நடப்பவர்களைப் பார்த்திருப்பீர்கள். இளம்பிள்ளை வாதம், போலியோ. இன்று அந்த நோயை நம் பிள்ளைகளிடம் பார்க்க முடியவில்லை. தமிழ்நாட்டில் கடைசியாகப் போலியோ பதிவானது 2004இல். இந்தியாவில் கடைசி நோயாளி 2011 ஜனவரியில், மேற்கு வங்காளத்தின் ஹவுரா பகுதியில். 2014 மார்ச்சில் நமது நாடு போலியோ இல்லாத பகுதியாகச் சான்று பெற்றது. அல்ஹம்துலில்லாஹ். இது அல்லாஹ் நமக்கு அருளிய மாபெரும் நிஃமத்.

இந்த நிஃமத் எந்த வழியாக வந்தது? போலியோ கிருமியை வளர்த்தால்தான் தடுப்பூசி தயாரிக்க முடியும். அந்தக் கிருமி உயிருள்ள செல்லில்தான் வளரும். 1950களில் அமெரிக்காவில் ஜோனாஸ் சால்க் என்ற மருத்துவர் தடுப்பூசியைத் தயாரித்தபோது, குரங்குகளின் சிறுநீரகத்திலிருந்து எடுத்த செல்களில் அந்தக் கிருமியை வளர்த்தார். 1955இல் அந்த ஊசி பயன்பாட்டுக்கு வந்தது. பிறகு ஆல்பர்ட் சேபின் கண்டுபிடித்த சொட்டு மருந்தும் குரங்குச் சிறுநீரக செல்களில்தான் வளர்க்கப்பட்டது. தயாரித்த மருந்து பாதுகாப்பானதா என்று சோதிக்கவும் குரங்குகள் தேவைப்பட்டன.

அந்தக் குரங்குகள் எங்கிருந்து போயின தெரியுமா? பெரும்பாலும் நமது நாட்டிலிருந்துதான். உத்தரப் பிரதேசம் போன்ற வட மாநிலங்களின் கிராமங்களிலும் சாலையோர மரங்களிலும் வாழும் ரீசஸ் என்ற குரங்கைப் பிடித்து, கூண்டில் அடைத்து, விமானத்தில் ஏற்றினார்கள். 1950களின் பிற்பகுதியில் ஆண்டுக்கு ஒரு லட்சத்துக்கும் அதிகமான குரங்குகள் இப்படிப் போயின. பிடித்துக் கொடுத்தவர்களிலும் விற்றவர்களிலும் நம் சமுதாயத்தைச் சேர்ந்தவர்களும் இருந்தார்கள் என்பதை மறைக்காமல் சொல்லிக்கொள்ள வேண்டும்.

ஆக, நம் பிள்ளைகள் இரண்டு காலில் ஓடி விளையாடுவதற்குப் பின்னால் பேச வாயில்லாத ஒரு படைப்பின் உயிர் இருக்கிறது. அல்லாஹ்வுக்கு நன்றி செலுத்துவது என்பது, அவன் அந்த நிஃமத்தை எதன் வழியாகத் தந்தானோ அதன் ஹக்கை நினைத்துப் பார்ப்பதும்தான்.

மூடிய வண்டியில் 394 உயிர்கள்

1955 ஜனவரியில் நடந்ததைக் கேளுங்கள். இந்தியாவிலிருந்து போன குரங்குகள் லண்டன் விமான நிலையத்தில் இறக்கப்பட்டு, அடுத்த பயணத்துக்காக ஒரு வண்டியில் வைக்கப்பட்டிருந்தன. காற்று வர வழியில்லாத மூடிய வண்டி. 394 குரங்குகள் மூச்சு முட்டிச் செத்துப் போயின.

இந்தக் குரங்குகளால் ஒரு பிள்ளைக்கும் மருந்து கிடைக்கவில்லை. ஒரு ஆராய்ச்சியும் நடக்கவில்லை. யாரும் வேண்டுமென்று கொல்லவும் இல்லை. வண்டியில் ஏற்றியவர் தன் வேலையைச் செய்தார். கதவை மூடியவர் தன் வேலையைச் செய்தார். உள்ளே காற்று போகிறதா என்று பார்ப்பது மட்டும் யாருடைய வேலையாகவும் இல்லை. அதனால் 394 உயிர்கள் போயின.

சகோதரர்களே! புகாரியிலும் முஸ்லிமிலும் வரும் பூனையின் ஹதீஸ் நம் எல்லோருக்கும் தெரியும். ஒரு பெண் பூனையை அடைத்து வைத்தாள். அதற்குத் தானும் உணவு கொடுக்கவில்லை, பூமியில் உள்ள பூச்சி புழுக்களைத் தேடித் தின்ன அதை அவிழ்த்து விடவும் இல்லை. அது செத்தது. அதன் காரணமாக அவள் நரகம் புகுந்தாள் என்று நபி (ஸல்) அவர்கள் அறிவித்தார்கள். அவள் பூனையை அடித்ததாக அந்த ஹதீஸில் இல்லை. அறுத்ததாக இல்லை. கதவை மூடினாள், மறந்தாள், அவ்வளவுதான். ஒரு பூனைக்கே இந்த விசாரணை என்றால், மூடிய வண்டியில் போன 394 உயிர்களுக்கு?

இந்தச் சம்பவத்துக்குப் பிறகு நமது நாட்டில் எதிர்ப்பு எழுந்தது. அதே ஆண்டு மார்ச்சில் இந்திய அரசு குரங்கு ஏற்றுமதியைத் தடை செய்தது. அமெரிக்கா பேச வந்தது. குரங்குகளை இரக்கத்தோடு நடத்த வேண்டும், மருத்துவ ஆராய்ச்சிக்கும் தடுப்பூசி தயாரிப்புக்கும் மட்டுமே பயன்படுத்த வேண்டும் என்ற நிபந்தனையின் பேரில் தடை நீக்கப்பட்டது. வாங்கியவர்கள் அதற்கு ஒப்புக்கொண்டார்கள்.

நிபந்தனை மீறப்பட்டது

நிபந்தனை என்றால் இஸ்லாத்தில் சாதாரண விஷயமில்லை. அல்மாயிதா அத்தியாயத்தின் முதல் வசனத்திலேயே, ஈமான் கொண்டவர்கள் தங்கள் ஒப்பந்தங்களை நிறைவேற்ற வேண்டும் என்று அல்லாஹ் கட்டளையிடுகிறான். முஸ்லிம்கள் தாங்கள் ஒப்புக்கொண்ட நிபந்தனைகளுக்குக் கட்டுப்பட்டவர்கள் என்று நபி (ஸல்) அவர்கள் சொன்னதை அபூதாவூதும் திர்மிதியும் பதிவு செய்திருக்கிறார்கள்.

அந்த நிபந்தனை என்ன ஆனது? 1970களில் ஒரு செய்தி வெளிவந்தது. அமெரிக்காவின் மேரிலாந்து மாநிலத்தில் ராணுவத்துக்குச் சொந்தமான கதிரியக்க உயிரியல் ஆய்வகம் ஒன்றில் ரீசஸ் குரங்குகள் மீது நியூட்ரான் கதிர்வீச்சைச் செலுத்தினார்கள். பிறகு ஓடும் பட்டையில் ஏற்றி ஓட வைத்தார்கள். எவ்வளவு நேரம் ஓடுகிறது, எப்போது விழுகிறது என்று கணக்கெடுத்தார்கள். எதற்காக? நியூட்ரான் குண்டு வீசப்பட்டால், கதிர்வீச்சு பட்ட சிப்பாய் சாவதற்கு முன்னால் எவ்வளவு நேரம் சண்டை போடுவான் என்று தெரிந்துகொள்வதற்காக.

பிள்ளைகளைக் காப்பாற்றும் மருந்துக்கு என்று கேட்டு வாங்கியதை, மனிதனைக் கொல்லும் ஆயுதத்தின் கணக்குக்குப் பயன்படுத்தினார்கள். குரங்குகளின் பாதுகாப்புக்காக இயங்கிய ஷர்லி மெக்ரீல் என்ற பெண்மணியும் அவருடைய அமைப்பும் இதை இந்திய அரசின் கவனத்துக்குக் கொண்டு வந்தார்கள். அப்போது மொரார்ஜி தேசாய் பிரதமர். 1977 டிசம்பரில் அறிவிப்பு வந்தது. 1978 ஏப்ரல் 1 முதல் இந்தியாவிலிருந்து குரங்கு ஏற்றுமதி முழுவதுமாக நிறுத்தப்பட்டது.

இந்தியா கதவை மூடியதும் வியாபாரிகள் பக்கத்தில் இருந்த வங்கதேசத்துக்குப் போனார்கள். அங்கும் மனிதகுல நன்மைக்கான ஆராய்ச்சிக்கு மட்டும் என்ற நிபந்தனையோடு பத்து ஆண்டு உரிமம் வாங்கியிருந்தார்கள். அனுப்பியவற்றில் சில, ராணுவக் கதிர்வீச்சுச் சோதனைக்குப் போயின என்று காரணம் காட்டி, 1979 ஜனவரியில் அந்த முஸ்லிம் நாடும் உரிமத்தை ரத்து செய்தது. அமெரிக்க நீதிமன்றம் வரை வழக்கு போனது. வழக்குப் போட்ட நிறுவனம் அங்கே வெற்றி பெறவில்லை.

காட்டில் திரியும் ஒரு குரங்குக்காக இரண்டு அரசாங்கங்கள் ஒப்பந்தத்தின் மரியாதையைக் காப்பாற்றின. நாம் தினமும் எத்தனை பேப்பரில் கையெழுத்துப் போடுகிறோம்! அவற்றில் எத்தனையைக் காப்பாற்றுகிறோம் என்று ஒவ்வொருவரும் தன் மனதைக் கேட்டுக்கொள்வோம்.

அவையும் ஒரு சமுதாயமே

குரங்கு சபிக்கப்பட்ட பிராணிதானே, அதற்கு என்ன ஹக்கு என்று சிலர் கேட்பார்கள். சனிக்கிழமை விஷயத்தில் வரம்பு மீறியவர்களை அல்லாஹ் குரங்குகளாக ஆக்கிய சம்பவம் குர்ஆனில் வருவது உண்மை. அதைக் கேட்டுவிட்டு, இன்று மரத்தில் இருக்கும் குரங்குகள் அவர்களின் வாரிசுகள் என்று நினைத்துக்கொள்கிறார்கள். ஸஹாபாக்களின் காலத்திலேயே இந்தக் கேள்வி எழுந்தது. இப்னு மஸ்ஊத் (ரலி) அறிவிக்கும் ஹதீஸ் முஸ்லிமில் இருக்கிறது. உருமாற்றப்பட்ட எவருக்கும் அல்லாஹ் சந்ததியை வைக்கவில்லை என்றும், குரங்குகளும் பன்றிகளும் அதற்கு முன்பிருந்தே இருந்து வருகின்றன என்றும் நபி (ஸல்) அவர்கள் தெளிவுபடுத்தினார்கள். ஆகவே குரங்கு தண்டனையின் மிச்சம் அல்ல. அதுவும் அல்லாஹ்வின் படைப்பு.

அல்அன்ஆம் அத்தியாயத்தின் 38ஆம் வசனம் என்ன சொல்கிறது? பூமியில் நடமாடும் உயிரினங்களும், இறக்கைகளால் பறக்கும் பறவைகளும் உங்களைப் போன்ற சமுதாயங்களே என்றும், அவை அனைத்தும் தங்கள் ரப்பிடம் ஒன்று திரட்டப்படும் என்றும் அல்லாஹ் கூறுகிறான். சமுதாயம், உம்மத் என்ற வார்த்தையை அல்லாஹ் அவற்றுக்கும் பயன்படுத்துகிறான். குரங்குக் கூட்டத்தைப் பார்த்தவர்களுக்கு இந்த வசனம் கண்ணுக்கு முன்னால் தெரியும். தாய் குட்டியை வயிற்றோடு அணைத்துக்கொண்டு போகும். ஒன்றுக்கு ஆபத்து என்றால் மற்றவை கத்தும். பெண் குரங்கு பிறந்த கூட்டத்திலேயே பாட்டி, தாய், சகோதரிகளோடு வாழ்நாளைக் கழிக்கும்.

அந்த உம்மத்துக்கு என்ன ஆயிற்று என்று நம் அலிகர் முஸ்லிம் பல்கலைக்கழகத்தின் விலங்கியல் துறையினரே கணக்கெடுத்தார்கள். சார்லஸ் சவுத்விக் என்ற அமெரிக்க ஆய்வாளரோடு சேர்ந்து 1959, 1960 ஆண்டுகளில் வட இந்தியாவின் கிராமங்களிலும் சாலையோரங்களிலும் கோயில்களிலும் குரங்குகளை எண்ணினார்கள். கூட்டங்களில் இளம் குரங்குகள் இருக்க வேண்டிய அளவுக்கு இல்லை. ஏனென்றால் ஏற்றுமதிக்குப் பெரிதும் பிடிக்கப்பட்டவை இளம் குரங்குகள்தான்.

இதைப் படித்தபோது எனக்கு அபூதாவூதில் வரும் ஒரு ஹதீஸ் நினைவுக்கு வந்தது. ஒரு பயணத்தில் ஸஹாபாக்கள் சிலர் ஒரு சிறு பறவையின் இரண்டு குஞ்சுகளை எடுத்துவிட்டார்கள். தாய்ப்பறவை வந்து சிறகடித்துத் தவித்தது. நபி (ஸல்) அவர்கள் வந்து பார்த்தார்கள். குஞ்சை எடுத்து இந்தப் பறவையை வேதனைப்படுத்தியது யார் என்று கேட்டு, அதன் குஞ்சைத் திருப்பிக் கொடுத்துவிடும்படி உத்தரவிட்டார்கள். இரண்டு குஞ்சுக்காக ஒரு பயணக் கூட்டமே நின்றது சகோதரர்களே!

அனுமதியும் அளவும்

அப்படியானால் மருந்து ஆராய்ச்சியே கூடாதா? பிராணியைத் தொடவே கூடாதா? மார்க்கம் அப்படிச் சொல்லவில்லை. பூமியில் உள்ளவற்றையெல்லாம் மனிதனுக்காகப் படைத்ததாக அல்பகராவின் 29ஆம் வசனத்தில் அல்லாஹ் கூறுகிறான். ஒரு மனித உயிரைக் காப்பாற்றுவது எவ்வளவு பெரிய நன்மை என்பதும் நமக்குத் தெரியும். நிர்ப்பந்தத்தில் இருப்பவனுக்கு ஹராமான உணவையும் அல்லாஹ் அனுமதித்தான். ஆனால் அதே வசனத்தில், அல்பகராவின் 173இல், விரும்பிச் செல்லாமலும் வரம்பு மீறாமலும் என்று எல்லையையும் சேர்த்தே வைத்தான். இதை வைத்துத்தான் நமது ஃபுகஹாக்கள் ஒரு சட்ட விதியை வகுத்தார்கள்: நிர்ப்பந்தத்தால் கிடைக்கும் அனுமதி, நிர்ப்பந்தத்தின் அளவுக்குத்தான். பசியால் சாகப் போகிறவன் உயிர் தங்கும் அளவுக்குச் சாப்பிடலாம். பார்சல் கட்டிக்கொண்டு போய் வியாபாரம் செய்யக் கூடாது.

இன்றைய குத்பாவிலிருந்து இந்த ஒரு விஷயத்தை மட்டும் மனதில் எடுத்துச் சென்றாலும் போதும். தேவைக்கு ஓர் அளவு உண்டு. அந்த அளவுக்குள் இருப்பது அனுமதி. அதைத் தாண்டிய ஒவ்வொன்றும் ஜுல்ம்.

ஓர் உதாரணம் சொல்கிறேன். கொரோனா காலத்தில் நம்மில் பலர் கோவாக்சின் ஊசி போட்டுக்கொண்டோம். அதை மனிதர்களுக்குப் போடுவதற்கு முன்னால் புனேயில் உள்ள தேசிய வைராலஜி நிறுவனம் ரீசஸ் குரங்குகளிடம் சோதித்தது. எத்தனை குரங்குகள்? இருபது. ஒரு காலத்தில் ஆண்டுக்கு லட்சக்கணக்கில் ஏற்றுமதி, இங்கே இருபது. இரண்டையும் அருகருகே வைத்துப் பாருங்கள்.

இன்னொன்று. 1962இல் ஜப்பானிய ஆய்வாளர்கள் ஓர் ஆப்பிரிக்கக் குரங்கின் சிறுநீரகத்திலிருந்து செல்களை எடுத்து, அவை தொடர்ந்து பெருகிக்கொண்டே இருக்கும்படி வளர்த்தார்கள். 'வெரோ' என்று அதற்குப் பெயர். அந்த ஒரே வழித்தோன்றலில் வந்த செல்களில்தான் இன்றும் உலகெங்கும் பல தடுப்பூசிகள் தயாராகின்றன. கோவாக்சினுக்கான கிருமியையும் அதில்தான் வளர்த்தார்கள். ஆயிரக்கணக்கான குரங்குகளின் சிறுநீரகத்தை எடுத்த இடத்தில், ஒரு குரங்கிலிருந்து எடுத்தது போதுமானதாகிவிட்டது. மனிதனுக்கு அல்லாஹ் கொடுத்த அறிவை இரக்கத்தின் பக்கம் திருப்பினால் வழி திறக்கிறது.

நமது நாட்டின் சட்டமும் இந்த அளவைத்தான் பேசுகிறது. நமது சென்னையில் கலாக்ஷேத்ராவை நிறுவிய ருக்மிணி தேவி அருண்டேல் அம்மையார் மாநிலங்களவையில் எடுத்த முயற்சியின் தொடர்ச்சியாக வந்தது 1960ஆம் ஆண்டின் பிராணிகள் வதைத் தடுப்புச் சட்டம். அது ஆராய்ச்சியைத் தடை செய்யவில்லை. தேவையில்லாத வேதனை கூடாது, வேறு வழி இருந்தால் அதைப் பார்க்க வேண்டும் என்றது. 2023இல் புதிய மருந்துகளுக்கான விதிகளைத் திருத்தி, பிராணிகள் இல்லாத சோதனை முறைகளுக்கும் மத்திய அரசு இடம் கொடுத்தது. அமெரிக்காவும் 2022 டிசம்பரில், மருந்துக்குப் பிராணிச் சோதனை கட்டாயம் என்ற பழைய நிபந்தனையை நீக்கியது.

எல்லாவற்றிலும் இஹ்ஸானை அல்லாஹ் விதியாக்கியிருக்கிறான் என்று நபி (ஸல்) அவர்கள் சொன்னார்கள். அறுக்கும்போதுகூட கத்தியைத் தீட்டிக்கொள்ளுங்கள், பிராணிக்கு நிம்மதி கொடுங்கள் என்றார்கள். முஸ்லிமில் ஷத்தாத் பின் அவ்ஸ் (ரலி) அறிவிக்கும் ஹதீஸ் இது. அறுப்பதற்கே இஹ்ஸான் கடமை என்றால், அடைப்பதற்கும் ஏற்றுவதற்கும் ஊசி போடுவதற்கும் அது கடமையாகாதா?

இன்றும் நடக்கும் வியாபாரம்

இது பழைய கதை என்று நினைக்காதீர்கள். ரீசஸ் குரங்கு கிடைக்காமல் போனதும் உலகச் சந்தை நீண்ட வால் குரங்கின் பக்கம் திரும்பியது. தென்கிழக்கு ஆசியாவில் வாழும் இனம் அது. நம் நாட்டில் நிக்கோபார் தீவுகளிலும் அதே இனம் வாழ்கிறது. 2022இல் சர்வதேச இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் இந்த இனத்தை அழியும் அபாயத்தில் உள்ளவற்றின் பட்டியலில் சேர்த்தது.

அதே 2022 நவம்பரில் அமெரிக்க அரசு ஒரு வழக்குப் போட்டது. கம்போடியாவில் காட்டில் பிடித்த குரங்குகளை, பண்ணையில் பிறந்தவை என்று பொய்யாக எழுதி அமெரிக்க ஆய்வகங்களுக்கு அனுப்பினார்கள் என்று எட்டுப் பேர் மீது குற்றம் சாட்டியது. அவர்களில் கைதான கம்போடிய அதிகாரி ஒருவரை 2024இல் ஜூரி குற்றமற்றவர் என்று விடுவித்தது. நீதிமன்றத் தீர்ப்பை நாம் மதிக்கிறோம். ஆனால் அந்த வழக்கின் மையத்தில் இருந்த கேள்வியைத் துறைமுகத்துக்குப் பக்கத்தில் வாழும் நாம் யாரையும்விட நன்றாகப் புரிந்துகொள்வோம். பேப்பரில் ஒன்று, பெட்டிக்குள் வேறொன்று. பண்ணை என்று ஒரு வார்த்தை எழுதிவிட்டால் காட்டில் கதறும் தாய் கணக்கிலிருந்து மறைந்துவிடுகிறாள்.

கடலுக்கு அந்தப் பக்கம் இலங்கையைப் பாருங்கள். 2023 ஏப்ரலில், இலங்கையில் மட்டுமே வாழும் 'ரிலவா' என்ற குரங்கினத்தில் ஒரு லட்சத்தைச் சீனாவுக்கு அனுப்பப் பேச்சு நடப்பதாக அந்நாட்டின் விவசாய அமைச்சரே அறிவித்தார். மிருகக்காட்சி சாலைகளுக்கு என்று சொன்னார்கள். ஒரு லட்சம் குரங்குக்கு எத்தனை மிருகக்காட்சி சாலை வேண்டும், இவை ஆய்வகத்துக்குத்தான் போகும் என்று சுற்றுச்சூழல் அமைப்புகள் சந்தேகப்பட்டு நீதிமன்றம் போயின. குரங்கால் விவசாயிகளுக்கு ஏற்படும் நஷ்டமும் உண்மைதான், அதை யாரும் மறுக்கவில்லை. கடைசியில் அந்த ஜூன் மாதத்திலேயே, ஏற்றுமதி செய்யப் போவதில்லை என்று அரசுத் தரப்பு நீதிமன்றத்தில் உறுதி கொடுத்தது. கேட்க ஆள் இருந்ததால் நின்றது. கேள்வி கேட்பதும் ஓர் அமல்தான் சகோதரர்களே.

நம் கையில் இருப்பது

இதையெல்லாம் கேட்டுவிட்டு, அமெரிக்காக்காரன் செய்தான், சீனாக்காரன் செய்தான் என்று பேசிவிட்டு நாம் வெளியே போய்விடக் கூடாது. நம் கையில் என்ன இருக்கிறது என்று பார்ப்போம்.

முதலாவது, தொழில். பாங்காக்கிலிருந்து வரும் பயணிகளின் பெட்டிகளில் மறைத்துக் கொண்டுவரப்பட்ட குட்டிக் குரங்குகளையும் பாம்புகளையும் ஆமைகளையும் நமது சென்னை விமான நிலையத்தில் கஸ்டம்ஸ் அதிகாரிகள் பலமுறை பிடித்திருக்கிறார்கள். அந்தப் பெட்டியைத் தூக்கி வர ஒப்புக்கொண்டவர், அதைத் தன் கடனை அடைக்க ஒரு வழியாக நினைத்திருக்கலாம். என் அன்பான இளைஞர்களே! டிக்கெட்டும் செலவும் தருகிறோம், ஒரு பெட்டியை மட்டும் கொண்டுவந்து கொடு என்று யாராவது கேட்டால், உள்ளே என்ன இருக்கிறது என்று கேளுங்கள். கேட்காமல் தூக்குவது ஹலாலான சம்பாத்தியம் ஆகாது. உனக்கு அறிவில்லாத ஒன்றின் பின்னால் போகாதே, செவியும் பார்வையும் இதயமும் விசாரிக்கப்படும் என்று அல்இஸ்ராவின் 36ஆம் வசனத்தில் அல்லாஹ் எச்சரிக்கிறான். சரக்குப் பட்டியலில் பொய் எழுதச் சொல்லும் முதலாளிக்கும் இதே பதில்தான்.

இரண்டாவது, குர்பானி. கொஞ்சம் கசப்பாக இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள். பக்ரீதுக்கு முந்தைய வாரம் ஆந்திரா பக்கத்திலிருந்து ஆடுகள் வந்து இறங்குவதைப் பார்க்கிறோம். சின்ன வண்டியில் ஒன்றின் மேல் ஒன்றாக நெருக்கி, தண்ணீர் இல்லாமல், வெயிலில் மணிக்கணக்கில். 1978இல், குரங்கு ஏற்றுமதி நின்ற அதே ஆண்டில், பிராணிகளை ஏற்றிச் செல்வதற்கான விதிகளை நமது நாடு வகுத்தது. அதில் குரங்குகளுக்கு ஓர் அத்தியாயம். கருவுற்ற, பாலூட்டும் குரங்குகளுக்குத் தனிக் கட்டுப்பாடுகூட அதில் இருக்கிறது. செம்மறியாட்டுக்கும் வெள்ளாட்டுக்கும் ஓர் அத்தியாயம். தரையில் வைக்கோல் போன்றவை விரிக்க வேண்டும், வழியில் தீவனமும் தண்ணீரும் வேண்டும் என்று எழுதியிருக்கிறது. அரசாங்கச் சட்டம் சொல்லும் அளவுக்குக்கூட நாம் செய்யவில்லை என்றால், கத்தியைத் தீட்டச் சொன்ன நபியின் உம்மத் என்று எப்படிச் சொல்லிக்கொள்வது? லண்டனில் மூடிய வண்டியில் செத்த குரங்குக்காக வருத்தப்படும் நாம், செங்குன்றம் சாலையில் மூச்சு வாங்கும் ஆட்டுக்கு முதலில் தண்ணீர் காட்டுவோம். கூட்டாகக் குர்பானி கொடுக்கும் ஜமாஅத்துகள் ஆட்டின் விலையைப் பேசும்போதே, எப்படி ஏற்றி வருவீர்கள் என்றும் பேசிக்கொள்ள வேண்டும். இரண்டு வண்டி தேவைப்பட்டால் அந்த வாடகையும் இபாதத்தின் செலவுதான்.

மூன்றாவது, வளர்ப்பு. கூண்டில் கிளியும் புறாவும், தொட்டியில் மீனும் வைத்திருக்கிறோம். அதன் உணவும் தண்ணீரும் உரிமையாளர் மீது கடமை என்று ஃபிக்ஹ் நூல்கள் சொல்கின்றன. கொடுக்காவிட்டால் நீதிபதி கட்டாயப்படுத்தலாம், விற்றுவிடச் சொல்லலாம் என்பது வரை நமது இமாம்கள் எழுதி வைத்திருக்கிறார்கள். ஊருக்குப் போகும்போது மாடியில் கூண்டை மறந்துவிட்டுப் போகாதீர்கள்.

நான்காவது, படிக்கும் பிள்ளைகள். நம் பகுதியிலிருந்து எத்தனையோ பிள்ளைகள் மருத்துவமும் மருந்தியலும் உயிரித் தொழில்நுட்பமும் படிக்கப் போகிறார்கள். நாளை ஆய்வகத்தில் முடிவெடுக்கும் இடத்தில் அவர்களில் ஒருவர் இருப்பார். பத்து பிராணி போதுமான இடத்தில் நூறு கேட்கும்போது, ஏன் என்று கேட்கும் தைரியத்தை இப்போதே ஊட்டுங்கள். பிராணி இல்லாமல் சோதிக்கும் வழிகளைக் கண்டுபிடிப்பவர் நம் பிள்ளையாகவே இருக்கட்டும்.

எனக்கும் உங்களுக்கும் எல்லா முஸ்லிம்களுக்கும் அல்லாஹ்விடம் பாவமன்னிப்புக் கோருகிறேன். நீங்களும் அவனிடம் மன்னிப்புக் கேளுங்கள். அவன் மிக மன்னிப்பவன், மகா கருணையாளன்.

இரண்டாவது குத்பா

அல்ஹம்துலில்லாஹ், வஸ்ஸலாத்து வஸ்ஸலாமு அலா ரஸூலில்லாஹ்.

அன்பானவர்களே! ஒரு நாள் நபி (ஸல்) அவர்கள் ஓர் அன்ஸாரித் தோழரின் தோட்டத்துக்குள் போனார்கள். அங்கே ஓர் ஒட்டகம் நின்றது. நபியைப் பார்த்ததும் முனகியது. அதன் கண்களிலிருந்து நீர் வழிந்தது. நபி (ஸல்) அவர்கள் அருகில் போய் அதன் காதுக்குப் பின்புறம் தடவிக் கொடுத்தார்கள். அது அமைதியானது. இதன் உரிமையாளர் யார் என்று கேட்டார்கள். ஓர் இளைஞர் முன்னால் வந்தார். அல்லாஹ் உன் உடைமையாக்கித் தந்த இந்தப் பிராணி விஷயத்தில் நீ அல்லாஹ்வை அஞ்ச வேண்டாமா என்று கேட்டு, நீ அதைப் பட்டினி போடுவதாகவும் ஓயாமல் வேலை வாங்கிக் களைப்படையச் செய்வதாகவும் அது என்னிடம் முறையிட்டது என்றார்கள். அபூதாவூதில் வரும் செய்தி இது.

அந்த ஒட்டகத்துக்கு முறையிட ஒரு நபி கிடைத்தார்கள். கூண்டில் அடைபட்டுக் கடல் தாண்டிய குரங்குகள் யாரிடம் முறையிட்டிருக்கும்? மறுமையில் கொம்பில்லாத ஆட்டுக்காகக் கொம்புள்ள ஆட்டிடம்கூட கணக்குத் தீர்க்கப்படும் என்று நபி (ஸல்) அவர்கள் சொன்னதை முஸ்லிமில் பார்க்கிறோம். ஆட்டுக்கும் ஆட்டுக்குமே கணக்கு உண்டு என்றால், ஆட்டுக்கும் மனிதனுக்கும், குரங்குக்கும் மனிதனுக்கும் கணக்கு இல்லாமல் போய்விடுமா? அந்த நாளில் நமக்கு எதிராக முறையிட எந்த உயிரும் எழுந்து நிற்காதபடி இன்றே நடந்துகொள்வோம். அதே நேரத்தில் நம்பிக்கையும் இழக்க வேண்டாம். தாகத்தில் மண்ணை நக்கிய நாய்க்குத் தன் காலுறையில் தண்ணீர் மொண்டு கொடுத்தவரின் பாவத்தை அல்லாஹ் மன்னித்தான். ஈரமுள்ள ஒவ்வொரு ஈரலுக்கும் செய்யும் உதவியில் கூலி இருக்கிறது.

யா அல்லாஹ்! நீ எங்கள் பிள்ளைகளுக்குத் தந்த ஆரோக்கியத்துக்கு உனக்கே புகழ் அனைத்தும். அந்த ஆரோக்கியத்தின் வழியில் உயிர் கொடுத்த உன் படைப்புகள் விஷயத்தில் நாங்கள் செய்த அலட்சியத்தை மன்னித்தருள்வாயாக.

யா அல்லாஹ்! எங்கள் கைகளின் வழியே போகும் ஒவ்வொரு சரக்கிலும், நாங்கள் கையெழுத்திடும் ஒவ்வொரு பேப்பரிலும் உண்மையைத் தருவாயாக. ஹராமான பெட்டியைத் தூக்கும் நிலையிலிருந்து எங்கள் இளைஞர்களைக் காப்பாயாக.

யா அல்லாஹ்! துறைமுகத்திலும் தொழிற்சாலைகளிலும் கடலிலும் உழைக்கும் எங்கள் மக்களுக்கும், அவர்களைச் சுற்றி வாழும் வாயில்லா ஜீவன்களுக்கும் பாதுகாப்பைத் தருவாயாக. நோயாளிகளுக்கு ஷிஃபாவைத் தருவாயாக. எங்கள் குர்பானிகளைக் கருணையுள்ள குர்பானிகளாக ஆக்கி ஏற்றுக்கொள்வாயாக.

ஆமீன், ஆமீன், யா ரப்பல் ஆலமீன்.